நைஜல் ஹாதோர்ன்: ஒரு டிவிடி பெட்டியும் கூடவே வாங்க வேண்டிய ஒரு படமும்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிபிசியின் நகைச்சுவைத் தொடர்களான 'யெஸ் மினிஸ்டர்', 'யெஸ் பிரைம் மினிஸ்டர்' இரண்டும் சேர்ந்த முழு டிவிடி பெட்டியை வாங்கலாமா என்று கேட்டால், தாராளமாக வாங்கலாம். ஆனால் அதை மட்டும் பார்த்துவிட்டு பிரிட்டிஷ் நடிகர் நைஜல் ஹாதோர்னைப் பார்த்தாயிற்று என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். கூடவே 'தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்' படத்தின் டிஸ்க் ஒன்றையும் வாங்கி, இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். ஒன்றில் ஒரு மனிதர் முடிவே இல்லாத வாக்கியங்களைப் பேசி ஊரையே ஆட்டிவைக்கிறார். இன்னொன்றில் அதே மனிதரை முடிவே இல்லாத வாக்கியங்கள் பிடித்து ஆட்டுகின்றன. இந்த இரண்டுக்கும் நடுவில்தான் அவருடைய மொத்த நடிப்பு வாழ்க்கையும் இருக்கிறது என்பது என் கட்சி.

பெட்டியைப் பற்றிச் சொல்லிவிட்டு மனிதருக்கு வருகிறேன். 1980 பிப்ரவரியில் தொடங்கி 1988 ஜனவரி வரை வந்த மொத்தம் 38 பகுதிகள். கதையின் அரசியல்வாதி ஹேக்கர் அமைச்சராக இருக்கும்போது 7 பகுதிகள் கொண்ட 3 தொடர்கள், 1984 கிறிஸ்துமஸுக்கு ஒரு மணி நேரச் சிறப்புப் பகுதி (ஹேக்கர் எப்படிப் பிரதமராகிறார் என்பது அதில்தான் வருகிறது, தவறவிட்டால் அடுத்தது புரியாது), அப்புறம் பிரதமரான பிறகு 8 பகுதிகளாக 2 தொடர்கள். தொடக்கத்தில் ஜெரால்ட் ஸ்கார்ஃப் வரைந்த கார்ட்டூன் முகங்கள் மூக்கு நீண்டு வாய் கோணி ஓடும், பின்னால் பிக் பென் மணியோசையை வைத்துப் பின்னிய இசை. படத்தரத்தைப் பற்றிப் பெரிதாக எதிர்பார்க்க வேண்டாம். எண்பதுகளின் ஸ்டுடியோ வீடியோ, சதுரத் திரை, நிறமெல்லாம் கொஞ்சம் வெளிறித்தான் இருக்கும், பெரிய டிவியில் போட்டால் ஓரங்கள் மசமசவென்று தெரியும். ஒலி பரவாயில்லை. சிரிப்புச் சத்தம் பின்னால் ஒட்டியது இல்லை, ஸ்டுடியோவில் ஆட்களை உட்காரவைத்து அவர்கள் முன்னால் நடித்தது. இது ஏன் முக்கியம் என்று பிறகு சொல்கிறேன்.

ஆங்கில சப்டைட்டில் இருக்கிறது. அதைப் போட்டுக்கொண்டே பாருங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை. ஹாதோர்ன் ஒரு நீண்ட வாக்கியத்தை எடுத்தார் என்றால் இங்கிலாந்துக்காரர்களே இரண்டாம் தடவை கேட்டுத்தான் புரிந்துகொண்டிருப்பார்கள். இன்னொரு விஷயம், பிரிட்டனிலிருந்து வரவழைத்தால் அது 2-ஆம் மண்டலத்துக்கான டிஸ்காக இருக்கும், இந்தியாவில் விற்கும் பிளேயர்கள் 5-ஆம் மண்டலம், ஒன்றின் டிஸ்க் இன்னொன்றில் ஓடாது. எல்லா மண்டலமும் ஓடும் பிளேயர் இருந்தால் பிரச்சினை இல்லை. கம்ப்யூட்டர் டிரைவில் போட்டுப் பார்க்கலாம் என்றால் பொதுவாக 5 முறைதான் மண்டலத்தை மாற்ற விடும், அதற்கப்புறம் கடைசியாக வைத்ததிலேயே பூட்டிக்கொள்ளும். ஒரு டிஸ்குக்காக அவசரப்பட்டு மாற்றிவிட்டுப் பிறகு தலையில் கை வைக்காதீர்கள். எனக்கு வந்த பெட்டியில் நடு டிஸ்க் ஒன்று கீறலோடு வந்தது. விற்றவருக்கு எழுதினேன், தங்கள் புகார் உரிய பிரிவின் பரிசீலனைக்கு அனுப்பப்பட்டுள்ளது என்று பதில் வந்தது. அந்தப் பதிலைப் படித்தபோது கோபம் வரவில்லை, தொடரில் ஹாதோர்ன் நடிக்கும் அதிகாரி சர் ஹம்ப்ரி கையெழுத்துப் போட்ட கடிதம் மாதிரி இருந்ததால் சிரிப்புத்தான் வந்தது. பரிசீலனை இன்னும் நடக்கிறது.

கதை தெரியாதவர்களுக்கு ஒரு வரி. ஜிம் ஹேக்கர் என்ற அரசியல்வாதி 'நிர்வாக விவகாரத் துறை' என்ற கற்பனைத் துறைக்கு அமைச்சராகிறார். அவருக்குச் செயலர் சர் ஹம்ப்ரி ஆப்பிள்பி. அமைச்சர் ஏதாவது செய்ய நினைக்க வேண்டியது, செயலர் அது நடக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டியது, நடுவில் பெர்னார்ட் என்ற தனிச்செயலர் யாருக்கு விசுவாசம் காட்டுவது என்று தெரியாமல் முழிக்க வேண்டியது. அவ்வளவுதான். நம் ஊரில் ஏதாவதொரு அரசு அலுவலகத்தில் ஒரு மனு கொடுத்துவிட்டு நடையாக நடந்தவர் யாருக்கும் இதை விளக்கவே வேண்டியதில்லை. இந்தியில் 2001-ல் 'ஜி மந்திரிஜி' என்று முறையாக உரிமை வாங்கியே எடுத்தார்கள், ஃபரூக் ஷேக் அமைச்சராக நடித்தார், ஸ்டார் பிளஸில் வந்தது. தமிழில் யாருக்கும் ஏன் இது தோன்றவில்லை என்பது எனக்குப் புரியாத புதிர், கோட்டையில் இதற்கு விஷயமா பஞ்சம்!

சரி, ஹாதோர்ன். இந்தத் தொடரைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லாரும் அந்த நீண்ட வசனங்களைத்தான் பேசுகிறார்கள். நறுக்கிய துண்டுகளாகச் சுற்றுவதும் அவைதான். ஆண்டனி ஜேயும் ஜானதன் லின்னும் எழுதிய வசனங்கள் அற்புதம் என்பதில் சந்தேகமே இல்லை. ஆனால் வசனம் மட்டும்தான் காரணம் என்றால் 2013-ல் வேறு நடிகர்களை வைத்து அதே இருவர் எழுதிய புதுத் தொடரும் அதே அளவுக்கு நின்றிருக்க வேண்டுமே. அதில் சர் ஹம்ப்ரியாக நடித்த ஹென்றி குட்மன் லேசுப்பட்ட நடிகர் இல்லை. இருந்தும் நிற்கவில்லை. ஏனென்றால் ஹாதோர்னின் சிரிப்பு வசனத்துக்கு முன்னாலும் பின்னாலும் இருக்கிறது.

ஒரு பகுதியை எடுத்து, சர் ஹம்ப்ரி பேசாத நேரத்தில் மட்டும் அவரைப் பாருங்கள். அமைச்சர் உற்சாகமாக ஒரு திட்டத்தைச் சொல்லிக்கொண்டிருப்பார். செயலர் எதிரே உட்கார்ந்து, கைகளைக் கோத்துக்கொண்டு, குழந்தை பாட்டு ஒப்பிப்பதைக் கேட்கிற மாமா மாதிரி ஒரு முகத்தோடு கேட்டுக்கொண்டிருப்பார். திட்டத்தில் அதிகாரிகளின் எண்ணிக்கையைக் குறைப்பது என்ற வார்த்தை வந்ததும் அந்தப் புன்னகை மாறாது, அப்படியே இருக்கும், ஆனால் கண் மட்டும் உறைந்துபோகும். அந்த ஒரு நொடிக்குத்தான் ஸ்டுடியோவில் உட்கார்ந்திருப்பவர்கள் சிரிக்கிறார்கள், இன்னும் ஒரு வார்த்தை பேசப்படவில்லை. நேரில் உட்கார்ந்திருக்கும் ஆட்களின் சிரிப்பு என்பதால் அதை நம்பலாம். அவர் அந்தச் சிரிப்பு முடியும்வரை காத்திருந்து, சரியாக அது அடங்கும் நேரத்தில் வாயைத் திறக்கிறார். நாடக மேடையில் முப்பது வருஷம் கிடந்தவனுக்குத்தான் அந்தக் கணக்கு வரும்.

அப்புறம் பேச ஆரம்பிக்கிறார். தலையைச் சுற்றி மூக்கைத் தொடுவது என்போமே, அதை இலக்கண சுத்தமாகச் செய்து காட்டுகிறார். 1988-ல் வந்த கடைசிப் பகுதியில், பிரதமர் நாடாளுமன்றத்தில் சொன்னது பொய் என்பதைப் பொய் என்ற சொல்லைக் கூடிய மட்டும் தள்ளிப்போட்டுச் சொல்லும் ஒரு வாக்கியம் வருகிறது. அதில் கவனிக்க வேண்டியது வேகத்தை இல்லை. ஒவ்வொரு துணை வாக்கியத்தையும் ஒரு படி மாதிரி எடுத்து வைக்கிறார், எந்தப் படியிலும் அவருக்கு அடுத்த படி எங்கே என்ற சந்தேகம் கிடையாது, கையை ஆட்டுவதில்லை, குரலை உயர்த்துவதில்லை. முடித்ததும் வாயோரத்தில் ஒரு சின்னத் திருப்தி. சமையல்காரர் தன் ரசத்தைத் தானே ருசி பார்த்த மாதிரி என்று எழுத வந்தேன், மாமாவையே ஏற்கெனவே இழுத்துவிட்டதால் விட்டுவிடுகிறேன்.

ஆனால் எனக்குப் பிடித்த பகுதிகள் அவர் ஜெயிக்கும் பகுதிகள் இல்லை. 'தி கீ' என்று ஒன்று, பிரதமர் வீட்டுக்குள் நினைத்தபோது நுழைவதற்கு அவர் வைத்திருக்கும் சாவியைப் பிடுங்கிக்கொள்கிறார்கள். பிரிட்டனின் மிகப் பெரிய அதிகாரி கதவைத் தட்டோ தட்டென்று தட்டி, கடைசியில் ஜன்னல் வழியாக உள்ளே வந்து நிற்கிறார், அலாரம் அலறுகிறது, தலைமுடி கலைந்து டை கோணலாக. அதுவரை இருபத்தைந்து பகுதிகளாக ஒரு முடி கலையாமல் பார்த்த மனிதரை இப்படிப் பார்க்கும்போது வயிறு வலிக்கச் சிரிப்பீர்கள், கூடவே ஐயோ பாவம் என்றும் இருக்கும். 'ஒன் ஆஃப் அஸ்' என்ற பகுதியில் அவர் முன்பு விசாரித்து நல்லவர் என்று விடுவித்த ஒரு அதிகாரி உளவாளி என்று தெரியவருகிறது. அப்படியென்றால் நீங்களும் துரோகியா, இல்லை வெறும் திறமையற்றவரா, இரண்டில் ஒன்றைச் சொல்லுங்கள் என்று கேட்கிறார்கள். திறமையற்றவர் என்பதைவிடத் துரோகி என்பதே அவருக்கு மேலாக இருக்குமோ என்று ஒரு கணம் அந்த முகத்தில் ஓடுகிறது பாருங்கள், அது வசனத்தில் இல்லாதது.

இன்னொரு இடம். 1982-ல் வந்த 'தி விஸ்கி ப்ரீஸ்ட்'. இளைய அதிகாரி பெர்னார்ட், அரசின் கொள்கைகளை நாம் நம்ப வேண்டாமா என்பது மாதிரி ஏதோ கேட்டுவைக்க, ஹம்ப்ரி தான் 30 வருஷத்தில் 11 அரசாங்கங்களுக்கு வேலை பார்த்ததைச் சொல்லி, ஒவ்வொன்றின் கொள்கையையும் நம்பியிருந்தால் ஒன்றுக்கொன்று எதிரான எத்தனை விஷயங்களில் வெறியோடு இருந்திருப்பேன், எனக்குப் பைத்தியம்தான் பிடித்திருக்கும் என்கிற அர்த்தத்தில் அடுக்கிக்கொண்டே போகிறார். அந்தக் காட்சி நகைச்சுவைதான், ஆனால் நான் முதலில் மன்னருக்குப் புத்தி பிறழும் அந்தக் கிங் ஜார்ஜ் படத்தைப் பார்த்துவிட்டு இதற்கு வந்தவன் என்பதால் எனக்கு அந்த இடத்தில் லேசாக முதுகு சில்லிட்டது.

இதற்கெல்லாம் முன்னால் அவர் எங்கே இருந்தார் என்பது தெரிந்தால் இந்த நடிப்பு எங்கிருந்து வந்தது என்பதும் தெரியும். 1929-ல் கோவென்ட்ரியில் பிறந்தார், அப்பா டாக்டர், சின்ன வயதிலேயே குடும்பம் தென்னாப்பிரிக்காவுக்குப் போய்விட்டது, கேப் டவுனில் வளர்ந்தார். நடிகராக வேண்டும் என்று 1951-ல் லண்டனுக்கு வந்தார். வந்தவரை யாரும் கண்டுகொள்ளவில்லை. திரும்பத் தென்னாப்பிரிக்காவுக்கே போய், மறுபடி லண்டன் வந்து, ஜோன் லிட்டில்வுட்டின் நாடகக் குழுவான தியேட்டர் ஒர்க்‌ஷாப்பில் சேர்ந்து, கிடைத்ததையெல்லாம் செய்து காலத்தை ஓட்டினார். 1969-ல் 'டாட்'ஸ் ஆர்மி' என்ற தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் பெயர் இல்லாத ஒரு கோபக்காரர் வேடம், இந்த மாதிரி. நாற்பது வயதைத் தாண்டியும் அவரைத் தெருவில் பார்த்து யாருக்கும் அடையாளம் தெரியாது. நமக்குத் தெரிந்த ஹாதோர்ன் அவருக்கு ஐம்பது வயது நெருங்கும்போதுதான் தொடங்குகிறார்.

1977-ல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனிக்காகப் பீட்டர் நிக்கல்ஸின் 'பிரைவேட்ஸ் ஆன் பரேட்'. 1948-ஐ ஒட்டிய சிங்கப்பூரிலும் மலாயாவிலும் ஆட்டம் பாட்டம் நடத்தும் ஒரு ராணுவக் கலைக்குழுவின் கதை. அதில் மேஜர் ஃப்ளாக் என்ற, தான் செய்வது எல்லாமே சரி என்று நம்பும், உலகம் எங்கே போகிறதென்று தெரியாத அதிகாரியாக நடித்து விருது வாங்கினார். சர் ஹம்ப்ரியின் அண்ணன் என்றே சொல்லலாம், மூளை மட்டும் கம்மி. பிறகு அந்த நாடகத்தைப் படமாக்கினார்கள். மேஜர் வேடம் யாருக்குப் போனது? பிரபல நகைச்சுவை நடிகர் ஜான் கிளீஸுக்கு. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

1979-ல் 'தி நாலெட்ஜ்' என்று ஒரு தொலைக்காட்சிப் படம் வந்தது. லண்டனில் கறுப்பு டாக்சி ஓட்ட வேண்டும் என்றால் நகரத்தின் அத்தனை தெருக்களையும் மனப்பாடம் செய்து வாய்மொழித் தேர்வு கொடுக்க வேண்டும், அப்படி வருகிறவர்களை வாட்டி எடுக்கும் தேர்வதிகாரி வேடம் இவருக்கு. கிடைத்தால் விடாதீர்கள். பேசுகிறதைவிட, எதிரே உட்கார்ந்திருப்பவன் பாதையைச் சொல்லிக்கொண்டிருக்கும்போது இவர் செய்யும் சேட்டைகள்தான் விஷயம். 1982-ல் 'பார்செஸ்டர் கிரானிக்கிள்ஸ்', டிராலப் நாவல்களை வைத்து பிபிசி எடுத்தது, ஆர்ச்டீக்கன் கிராண்ட்லியாக எந்நேரமும் கொதித்துக்கொண்டே இருக்கும் பாதிரியார். எதிரே ஸ்லோப் என்ற வழுவழுப் பாதிரியாராக ஆலன் ரிக்மன். இருவரும் ஒரே அறையில் நின்றால் யாரைப் பார்ப்பது என்று தெரியாது. அதே வருஷம் வந்த 'காந்தி' படத்தில்கூட ஒரு பிரிட்டிஷ் அதிகாரியாகச் சின்ன வேடத்தில் வந்துபோகிறார், அடுத்த தடவை பார்க்கும்போது தேடிப் பாருங்கள்.

யெஸ் மினிஸ்டருக்காகப் பிரிட்டனின் திரை, தொலைக்காட்சி விருதான பாஃப்டாவை 4 முறை வாங்கினார். இதில் ஒரு கசப்பும் இருக்கிறது. அமைச்சராக நடித்த பால் எடிங்டனும் கூடவே பரிந்துரைக்கப்படுவார், ஒவ்வொரு தடவையும் ஹாதோர்னுக்கே போகும். எடிங்டன் இல்லாமல் அந்தச் சர் ஹம்ப்ரி கிடையாது, இதை நான் அழுத்திச் சொல்வேன். எதிராளி அசடு வழியும் அழகில்தான் இவருடைய சாமர்த்தியம் ஜொலிக்கிறது. ஹேக்கரின் முகத்தில் ஒன்றும் புரியாத நிலையிலிருந்து, புரிந்த மாதிரி காட்டிக்கொள்ளும் நிலைக்கு எடிங்டன் நகர்வதைப் பாருங்கள். ஒரே ஆளுக்கு நாலு விருதா, ஒன்றை அங்கே கொடுத்திருந்தால் என்ன குறைந்துபோயிருக்கும்.

அப்போது பிரிட்டனின் நிஜப் பிரதமராக இருந்த மார்கரெட் தாட்சருக்கு இந்தத் தொடர் உயிர். 1984 ஜனவரியில் ஒரு விருது விழாவில், கையோடு ஒரு குட்டி நாடகத்தைக் கொண்டுவந்து, எடிங்டனையும் ஹாதோர்னையும் பக்கத்தில் நிறுத்தி, தானே பிரதமராக நடித்துவிட்டார். பொருளாதார நிபுணர்களையெல்லாம் ஒழித்துவிட வேண்டும் என்பது கதை. இரண்டு நடிகர்களுக்கும் அதில் இஷ்டமே இல்லை, பிரதமர் சொன்னால் மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? யெஸ் பிரைம் மினிஸ்டர்தான்.

தொடர் முடிந்ததும் எல்லாரும் அவரைச் சர் ஹம்ப்ரியாகவே வைத்துக்கொள்ளத் தயாராக இருந்தார்கள். அவர் மேடைக்குப் போனார். 1989-ல் 'ஷேடோலேண்ட்ஸ்', எழுத்தாளர் சி.எஸ். லூயிஸ் வயதான காலத்தில் காதலித்து, அந்தப் பெண்ணைப் புற்றுநோய்க்குக் கொடுத்துவிட்டு நிற்கும் கதை. லண்டனில் ஆடி, பிராட்வேக்குப் போய், 1991-ல் சிறந்த நடிகருக்கான டோனி என்ற அமெரிக்க நாடக விருதையும் வாங்கினார். அப்புறம் படம் எடுத்தார்கள். லூயிஸாக நடித்தது அந்தோணி ஹாப்கின்ஸ். இரண்டாவது முறை.

அதனால்தான் மூன்றாவது முறை அவர் பயந்ததில் அர்த்தம் இருக்கிறது. 1991-ல் நேஷனல் தியேட்டரில் ஆலன் பென்னெட் எழுதி நிக்கலஸ் ஹைட்னர் இயக்கிய 'தி மேட்னஸ் ஆஃப் ஜார்ஜ் 3'. மேடையில் பேய்த்தனமாக வெற்றி, ஒலிவியே என்ற பிரிட்டிஷ் நாடக விருதும் வந்தது. படமாக எடுக்கப் போகிறார்கள் என்றதும், இதுவும் யாராவது பெரிய பெயருக்குப் போய்விடுமோ என்ற கவலை. ஹாலிவுட்டில் நம் முகம் நாலு பேருக்குத் தெரியட்டும் என்றுதான் சில்வஸ்டர் ஸ்டலோனின் 'டிமாலிஷன் மேன்' படத்தில் வில்லனாக நடித்தார். அந்தப் படத்தைப் பற்றி நான் அதிகம் பேச விரும்பவில்லை. வெள்ளை உடுப்பில் வந்து எதிர்காலத்தை ஆள்கிறார், அவ்வளவுதான். நல்லவேளையாக இந்த முறை நாடகக்காரர்களும் விட்டுக்கொடுக்கவில்லை, 1994-ல் படம் வந்தபோது அரசர் அவரேதான்.

இப்போது அந்த டிஸ்குக்கு வருகிறேன். 1788-ல் இங்கிலாந்தின் மூன்றாம் ஜார்ஜ் மன்னருக்குப் புத்தி பிறழ்கிறது. மூத்த மகன் ஆட்சியைப் பிடிக்கக் காத்திருக்கிறான். மருத்துவர்கள் அவருடைய சிறுநீர் நீலமாக வருவதைப் பார்த்தும் என்னவென்று புரியாமல் கொப்புளம் கட்ட வைக்கிறார்கள், பேதி மருந்து கொடுக்கிறார்கள். மன்னர் பேசிக்கொண்டே இருக்கிறார். நிறுத்த முடியவில்லை. பேச்சு ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குத் தாவி, அவை கூசும் வார்த்தைகளுக்குப் போய், மறுபடி ராஜ்ய விஷயத்துக்கு வந்து, மூச்சு முட்டி, தொண்டை கட்டியும் ஓடுகிறது. இப்போது யெஸ் மினிஸ்டரை நினைத்துப் பாருங்கள். அதே தெளிவான உச்சரிப்பு, அதே வாக்கிய நீளம், அதே மூச்சு. ஆனால் சர் ஹம்ப்ரி அடுத்த படி எங்கே என்று தெரிந்து காலை வைத்தவர். இவருக்குக் கீழே படியே இல்லை, விழுந்துகொண்டே பேசுகிறார், பேசுவது தான்தான் என்பது அவருக்கே தெரிகிறது, அதுதான் கொடுமை. நடுநடுவே ஒரு கணம் கண்களில் உதவி கேட்கிறார், வாய் அதைக் கேட்க விடுவதில்லை.

ஒரு காட்சியை மட்டும் கிட்டத்தில் சொல்கிறேன். வில்லிஸ் என்ற வைத்தியர் (இயன் ஹோம், கல் மாதிரி முகம்) மன்னரை ஒரு நாற்காலியில் உட்காரவைத்து வாரால் கட்டச் சொல்கிறார். நான் இங்கிலாந்தின் அரசன் என்கிறார் மன்னர், இல்லை, நீங்கள் என் நோயாளி என்பது பதில். வார்கள் ஒவ்வொன்றாக இறுகும்போது பின்னணியில் முடிசூட்டு விழாக்களில் பாடும் ஹேண்டலின் இசை உச்சத்துக்கு ஏறுகிறது. தலையையும் சேர்த்துக் கட்டி, வாயையும் கட்டிவிடுகிறார்கள். அதன்பின் ஹாதோர்னிடம் மிச்சம் இருப்பது கண்கள் மட்டும். பேச்சையே ஆயுதமாக வைத்திருந்த நடிகரிடமிருந்து அதைப் பிடுங்கிவிட்டால் என்ன செய்வார் என்பதற்குப் பதில் அந்தச் சில நொடிகள். கண்ணில் முதலில் ஆத்திரம், அப்புறம் நம்ப முடியாமை, அப்புறம் ஒரு சின்னப் பையனின் பயம்.

குணமாவதும் பேச்சு வழியாகத்தான். மன்னருக்கு எதைச் சொன்னாலும் கடைசியில் வாட், வாட் என்று ஒட்டவைக்கும் பழக்கம். நோய் வந்தபோது அது போய்விடுகிறது. ஷேக்ஸ்பியரின் 'கிங் லியர்' நாடகத்தை ஆளுக்கொரு பாத்திரமாக உட்கார்ந்து வாசிக்கிறார்கள், அந்தச் சமயத்தில் அது திரும்பி வருகிறது, உடனிருப்பவர்களுக்கு உயிர் வருகிறது. முழுக்கக் குணமாகிவிட்டீர்களா என்றதற்கு, எப்போதும் நான் நானாகத்தான் இருந்தேன், அப்படித் தோற்றமளிப்பது எப்படி என்பது இப்போது நினைவுக்கு வந்துவிட்டது என்கிற மாதிரி சொல்கிறார். தோற்றம்தானே சர் ஹம்ப்ரியின் தொழிலே!

ஆஸ்கர் பரிந்துரை வந்தது, டாம் ஹாங்க்ஸுக்கு விருது போனது. அந்த நேரத்தில் அவர் ஓரினச்சேர்க்கையாளர் என்பதைப் பிரிட்டிஷ் பத்திரிகைகள் ஏதோ புலனாய்வு செய்து கண்டுபிடித்த மாதிரி கொட்டை எழுத்தில் போட்டன. பல வருஷமாகத் துணையாக இருந்த ட்ரெவர் பென்தமோடுதான் அவர் வாழ்ந்துகொண்டிருந்தார், தெரிந்தவர்களுக்கெல்லாம் தெரிந்த விஷயம். சந்தோஷமாக இருந்திருக்க வேண்டிய நாட்களை இப்படிக் கெடுத்தார்கள்.

அதற்குப் பிறகானவற்றில் நான் சேர்க்கச் சொல்வது இரண்டு. 1996-ல் ட்ரெவர் நன் எடுத்த 'ட்வெல்ஃப்த் நைட்' படத்தில் மல்வோலியோ. விறைப்பான வீட்டு நிர்வாகியாகத் தொடங்குகிறார் (சர் ஹம்ப்ரியேதான்), மஞ்சள் காலுறை போட்டுக்கொண்டு இளித்து அவமானப்படுகிறார், பைத்தியம் என்று இருட்டறையில் அடைக்கப்பட்டு வெளிச்சம் கேட்டுக் கெஞ்சுகிறார் (ஜார்ஜ் மன்னரேதான்). என் கட்சிக்கு ஷேக்ஸ்பியரே சாட்சி சொல்ல வந்துவிட்ட மாதிரி இருந்தது. 1999-ல் டேவிட் மாமெட்டின் 'தி வின்ஸ்லோ பாய்', திருட்டுப் பட்டம் சுமத்தப்பட்ட மகனுக்காகச் சொத்தையும் உடம்பையும் கரைக்கும் அப்பா. இதில் சத்தமே இல்லாமல் நடிக்கிறார், ஒரு புருவம் அசைவதற்குக்கூட யோசிக்கிற மாதிரி. குழந்தைகள் வீட்டில் இருந்தால் டிஸ்னியின் 'டார்சன்' படத்தில் ஜேனின் அப்பா பேராசிரியர் போர்ட்டரின் குரல் இவருடையதுதான் என்று சொல்லிக் காட்டலாம்.

மேடையில் கடைசிப் பெரிய முயற்சி 'கிங் லியர்', ஜப்பானிய இயக்குநர் நினகாவா இயக்கியது, 1999-ல் ஜப்பானில் தொடங்கி பிறகு இங்கிலாந்துக்கு வந்தது. விமர்சகர்கள் கிழித்துத் தொங்கவிட்டார்கள், லியருக்கு வேண்டிய இடிமுழக்கம் இவரிடம் இல்லை என்று. கிங் ஜார்ஜ் படத்தில் அந்த லியர் வாசிப்புக் காட்சியைப் பார்த்தவன் என்ற முறையில் எனக்கு இதை அப்படியே ஏற்க மனம் வரவில்லை, இடி முழங்காத லியரை யோசித்துப் பார்ப்பதில் என்ன தப்பு. 1999-ல் சர் பட்டமும் வந்தது, ஹம்ப்ரிக்குக் கிடைத்து இருபது வருஷம் கழித்து. 2001 டிசம்பர் 26 அன்று காலமானார். 'ஸ்ட்ரெய்ட் ஃபேஸ்' என்ற தன்வரலாறு அடுத்த வருஷம் வெளிவந்தது. நடிகர் வாழ்க்கையின் அவமானங்களை மறைக்காமல் எழுதியிருக்கிறார், பழைய பிரதி கிடைத்தால் வாங்குங்கள்.

பெட்டிக்குத் திரும்பினால், யாருக்கு வேண்டாம் என்பதையும் சொல்ல வேண்டும். அரை மணி நேரம் மூன்று பேர் ஓர் அறையில் உட்கார்ந்து பேசுவதைப் பார்க்கப் பொறுமை இல்லாதவர்களுக்கு வேண்டாம். பின்னணிக் காட்சிகள், பேட்டிகள் எல்லாம் எக்கச்சக்கமாக எதிர்பார்ப்பவர்களுக்கும் வேண்டாம், எனக்கு வந்த பதிப்பில் அந்த விஷயத்தில் கஞ்சத்தனம்தான், விலைக்கு அது பெரிய குறை. பெண் பாத்திரங்கள் மிகக் குறைவு, சில நகைச்சுவைகள் இப்போது கேட்டால் நெளிய வைக்கும். மற்றபடி முதல் பகுதியிலிருந்து வரிசையாகத்தான் பார்க்க வேண்டும் என்றில்லை. பழகாதவர்கள் இரண்டாம் தொடரில் வரும் 'தி கம்பாஷனேட் சொசைட்டி'யில் தொடங்குங்கள், நோயாளி ஒருவர்கூட இல்லாமல் நிர்வாக ஊழியர்கள் மட்டும் நூற்றுக்கணக்கில் மும்முரமாக வேலை பார்க்கும் ஒரு மருத்துவமனை, அதை ஹம்ப்ரி நியாயப்படுத்துகிறார். அப்புறம் 'விஸ்கி ப்ரீஸ்ட்', அப்புறம் 'தி கீ'. அதற்குப் பிறகு ஒரு ராத்திரி கிங் ஜார்ஜ். பிறகு மிச்சப் பகுதிகளுக்கு வாருங்கள், ஏறக்குறைய ஒவ்வொன்றின் முடிவிலும் அவர் சொல்லும் அந்த யெஸ் மினிஸ்டரைத் தனித்தனியாகக் கேளுங்கள், ஒன்று மாதிரி ஒன்று இருக்காது. தோற்றுப்போய்ச் சொல்லும் சிலவற்றைத்தான் நான் ரிமோட்டில் பின்னுக்கு ஓட்டி மறுபடி மறுபடி போட்டுக்கொண்டிருக்கிறேன்.